முழு வரியும் என் பேருக்கே

“வீட்டு வரி முழுசையும் என் பேருலயே போடுங்கன்னு ஒருத்தர் என் காலைப் பிடிச்சு அழுதாருய்யா. ஒரு மணி நேரம். நனைஞ்ச வேட்டியை நான் பிழிஞ்சு கட்டினேன்.”

தியாகேசன் இப்படிச் சொன்னதும் அந்தத் திருவையாறு சலூனில் கத்தரி நின்றது, பேச்சு நின்றது, மின்விசிறியும் நின்றது. விசிறி நின்றது மின்வெட்டினால். மற்றதெல்லாம் அவரால்தான்.

கும்பகோணத்துப் பக்கம் ஏதோ ஒரு நகராட்சியில் முப்பது வருஷம் பில் கலெக்டராக இருந்து ஓய்வு பெற்றவர். பொய் சொல்ல மாட்டார். நடந்ததைக் கொஞ்சம் இழுத்து நீட்டுவார், அவ்வளவுதான். புது வரி நோட்டீஸ் வந்திருந்த வாரம் அது. கடையிலிருந்த இரண்டு கழகத்துக்காரர்களும் அதைத் திட்டுவதில் மட்டும் ஒன்றாக இருந்தார்கள்.

“வரியைக் கேட்டு வாங்குற ஆளு உலகத்துல உண்டா சார்?” முகம் நிறைய நுரையோடு நாற்காலியில் சாய்ந்திருந்த வெளியூர்க்காரர் சிரித்தார். பூண்டி மாதா கோயிலுக்குப் போகிற வழியில் சவரத்துக்காக இறங்கியவர்.

“உண்டு. பெரியநாயகசாமின்னு பேரு. அவருக்கும் தங்கச்சி விண்ணரசிக்கும் ஒரே வீடு. முன்கட்டு உனக்கு, பின்கட்டு அவளுக்குன்னு வாயால சொல்லிட்டு அப்பன் செத்துட்டாரு. பத்திரம் கிடையாது. சொந்தக்காரங்க ரெண்டு பேருன்னா வரியையும் ரெண்டாப் பிரிக்கணும். பிரிக்கப் போனேன். ‘புருஷன் இல்லாதவ சார், இட்லி வித்துப் பிழைக்கிறா, அவ பேருக்குக் காலணா போடாதீங்க’ன்னு அழுதாரு. நான் கரைஞ்சுட்டேன். முழு வரியும் அவர் பேருக்கே எழுதிட்டேன்.”

“தெய்வம்யா அந்தாளு,” என்றார் சவரம் செய்துகொண்டிருந்த வீரையன். “எங்கண்ணன் கரண்டு பில்லுல பாதி கேக்குறான்.”

“கதை,” என்றார் நுரைக்காரர். இப்போது சிரிக்கவில்லை.

“அந்தத் தங்கச்சி என்ன சொல்லுச்சு?” என்று கேட்டார் வீரையன்.

இந்த இடத்தைத் தியாகேசன் எப்போதும் தாண்டிவிடுவார். அன்று தாண்ட முடியவில்லை. குரல் இறங்கியது.

“தெருமுனை வரைக்கும் என் சைக்கிள் பின்னாலயே ஓடி வந்துச்சு. கை நிறைய சில்லறை. ‘என் பாதியை நான் கட்டுறேன், என் பேருல ஒரு ரசீது போடுங்க சார்’னு கெஞ்சுச்சு. ரோஷக்காரின்னு நெனச்சேன். ‘வரி கட்டாம இருக்கக் கொடுத்து வெச்சிருக்கணும்மா’ன்னு சொல்லிட்டு மிதிச்சுட்டேன். அந்த முகம்தான் இன்னும் கண்ணுல நிக்குது. நல்லதுதானேய்யா செஞ்சேன்?”

“அப்படி ஒண்ணு நடக்கவே இல்ல, விடுங்க,” என்றார் நுரைக்காரர்.

“பெத்த தாய் மேல சத்தியம்யா.”

“நடக்கலைங்கறேன்.”

“அசையாதீங்க தம்பி. தாடை நடுங்குது, வெட்டிடும்.” வீரையன் கத்தியை விலக்கிக்கொண்டார்.

வெளியூர்க்காரர் துண்டை இழுத்து நுரையைத் துடைத்தார். பாதி தாடி அப்படியே இருந்தது. எதிரே இருந்த கண்ணாடியைப் பார்க்காமல் தரையைப் பார்த்துச் சொன்னார்.

“நடந்துச்சு சார். பன்னெண்டு வருஷ ரசீதைக் காட்டித்தான் எங்கப்பா அத்தையை வீட்டை விட்டுத் துரத்தினாரு.”