பாலத்தில் நிற்பவன்

மெமரி கார்டு சாகக் கிடந்தது. அது போனால் என் தம்பி ஜஸ்டின் விட்டுப்போன ஆட்டமும் போய்விடும்.

கைக்குள் அடங்குகிற கேம் மெஷின். இருபது முப்பது வருடத்துப் பழைய ஆட்டங்களெல்லாம் அதில் ஓடும். அவன் போய் ஒரு வருடமாகிவிட்டது. கல்லறைத் திருநாளுக்குக் கோயம்புத்தூரிலிருந்து வந்த நான், உத்தமபாளையத்தில் புதுக் கார்டு வாங்கி, புது சாஃப்ட்வேர் ஏற்றி, எல்லாவற்றையும் அதற்கு மாற்றினேன்.

கூடவே ஒரு வசதியும் செய்துவைத்தேன். பழையதில் சேவ் பண்ணாமல் அணைத்தால் அன்றைக்கு ஆடியதெல்லாம் போச்சு. இனி அணைத்த இடத்திலிருந்தே தொடரும். சும்மா சொல்லக்கூடாது, வேலை சுத்தம்.

திறந்து பார்த்தேன். நீலத் தொப்பி போட்ட பையன் ஆற்றுப் பாலத்தில் நின்றான். ஜஸ்டின் கடைசியாகச் சேவ் பண்ணிய இடம். அப்பாடா என்றிருந்தது.

அப்போதுதான் பழைய கார்டிலிருந்து வந்த ஒரு வரி கண்ணில் பட்டது. கடைசியாகத் திறந்தது: நேற்று மாலை 4.20.

அந்த நேரம் எனக்கு மறக்காது.

வீட்டில் இருப்பவர் அப்பா மட்டும்தான். சின்னப்பராஜ் வாத்தியார். அந்த மெஷினைச் சனியன் என்று தூக்கி எறிந்தவர். திரையோரத்தில் கீறல் இன்னும் இருக்கிறது. அவராவது, அதைத் தொடுவதாவது!

மறுநாள் நாலு இருபதுக்கு அப்பா அதை எடுத்தார். அடுப்படியில் நின்று பார்த்தேன். சாக்பீஸ் பிடித்த விரல்களுக்குப் பொத்தான்கள் படியவில்லை. தட்டுத்தடுமாறி அந்தப் பையனைப் பாலத்திலிருந்து நடத்தி, புல்வெளியைத் தாண்டி, அவன் வீட்டுக்குள் கொண்டுபோய்ச் சேர்த்தார். உடனே அணைத்தார். சேவ் பண்ண அவருக்குத் தெரியாது.

இத்தனை நாளும் இப்படித்தான் போல. தினம் வீடு சேர்த்த பையன் மறுநாள் திரும்பவும் பாலத்தில் நின்றிருப்பான்.

நான் செய்துவைத்த வசதியால் இனி அந்தக் கஷ்டம் இல்லை, நிம்மதிப்படுவார் என்று நினைத்தேன்.

அடுத்த நாளும் அதே நேரம். திரையைப் பார்த்தவர் பதறி எழுந்துவிட்டார். பையன் வீட்டுக்குள் இருந்தான்.

போன வருடம், மெஷினை எறிந்த அன்றைக்கு, மழைக்குள் ஜஸ்டின் அப்பாவுக்குப் போன் செய்தான். தரைப்பாலத்தில் நிற்கிறேன், தண்ணீர் ஏறுகிறது, வண்டி எடுத்துக்கொண்டு வாருங்கள் என்றான். கோபத்தில் இருந்த அப்பா, நடந்தே வாடா என்று போனை வைத்துவிட்டார். அடக்கத்தன்று அவரே சொல்லி அழுதது இது. அப்பாவின் போனில் அந்த அழைப்பு இன்னும் இருக்கிறது. நாலு இருபது.

அப்பா மெஷினை என்னிடம் நீட்டினார்.

"ஏலே, இவன மறுபடி பாலத்துலயே கொண்டு போயி நிறுத்து. நான் போயிக் கூட்டிட்டு வாரேன்."