எருக்கு இருந்த இடம்

பர்மாவில், தின்கன்ஜூனில் சோலையப்பன் வீட்டு ஜன்னலுக்குக் கீழே ஓர் எருக்கஞ்செடி தானாக முளைத்திருந்தது. மழைக்காலம் முடிந்ததும் எங்கிருந்தோ ஆரஞ்சு நிற வண்ணத்துப்பூச்சிகள் கூட்டமாக வந்து அதில் முட்டையிட்டுவிட்டுப் போகும். அவருடைய பர்மிய மனைவி மா யின் அந்தச் செடியில் யாரையும் கைவைக்க விட்டதில்லை.

1998இல் அவள் படுத்த படுக்கையானாள். எருக்கு முளைத்த வீடு பாழாகிவிடும் என்ற பயம் அவருக்கு. மண்வெட்டியோடு வந்து நின்றார்.

“வேணாம் கோ சோலை. அதுங்க வந்தா எங்க உக்காரும்?” என்று, பர்மிய வழக்கப்படி மரியாதைக்குக் ‘கோ’ சேர்த்து, ஜன்னலுக்குள்ளிருந்து கேட்டாள்.

“எனக்கு நீ எந்திரிச்சு நடக்கணும்” என்றார். இடுப்பளவுச் செடியை வேரோடு தோண்டியெறிந்து, அந்த இடத்தில் சிமெண்ட் பூசினார்.

மழை விடுவதற்குள் மா யின் இறந்துபோனாள்.

வண்ணத்துப்பூச்சிகள் வழக்கம்போல வந்தன. சிமெண்டுக்கு மேலே, வெறுங்காற்றில், அவர் இடுப்பளவு உயரத்தில், கிளை கிளையாக இறக்கை மூடி உட்கார்ந்தன. சோலையப்பன் கையை விட்டுத் துழாவிப் பார்த்தார். ஒன்றும் தட்டுப்படவில்லை.

அடுத்த வருஷம் அவர் நெஞ்சளவுக்கு உட்கார்ந்தன.

அதற்கடுத்த வருஷம், அவள் தலைவைத்துப் படுத்திருந்த ஜன்னல்வரை வந்துவிட்டன. கம்பிகளுக்கு உள்ளேயும் ஒரு கிளை நீண்டிருந்தது.