மூன்றாவது வாக்குமூலம்

"நான்தான் கொன்னேன்யா."

கைதியாக நின்ற தச்சர் இப்படிச் சொன்னதும், ஜெயிலில் யாரை முன்கூட்டியே வெளியே விடலாம் என்று முடிவு செய்யும் விடுதலைக் குழுவின் மூன்று பேரும் நிமிர்ந்து உட்கார்ந்தார்கள். கதவோரம் நின்ற வார்டருக்குத் தூக்கிவாரிப் போட்டது.

மரக்கடை முதலாளியைக் கொன்றதாகத் தச்சருக்கு ஆயுள் தண்டனை. போலீஸ் ஸ்டேஷனில் கையெழுத்துப் போட்ட வாக்குமூலம் ஒன்றுதான் ஆதாரம். ஜெயிலுக்கு வந்த நாளிலிருந்து, "அடி தாங்காம கையெழுத்துப் போட்டேன். நான் செய்யலை" என்று ஒரே பாட்டு. குழு கூடும்போதெல்லாம் அதே பதில். குற்றத்தையே ஒத்துக்கொள்ளாதவனை எப்படி வெளியே விடுவது?

வார்டரும் நம்பியதில்லை. "உள்ள இருக்கிற எல்லாருமே உத்தமனுங்கதான்" என்று பதினோரு வருஷமாகச் சிரித்திருக்கிறார்.

"எப்படிக் கொன்னே?" குழுத் தலைவர் ஃபைலைப் புரட்டினார்.

தச்சர் சுவரைப் பார்த்தபடி சொன்னார்.

"மேற்படி நபர் என்னைத் தகாத வார்த்தைகளால் திட்டியதால் ஆத்திரமடைந்து, அருகில் கிடந்த சுத்தியலை எடுத்து அன்னாரின் பின்மண்டையில் ஓங்கி அடித்தேன்."

தலைவரின் விரல் ஃபைலில் வரி வரியாக நகர்ந்தது. "ஒரு எழுத்து மாறலை" என்றார் திருப்தியாக.

குழுவில் இருந்த டாக்டரம்மாவுக்கு மட்டும் முகம் தெளியவில்லை. "இத்தனை வருஷம் கழிச்சு இப்ப ஏன் ஒத்துக்கறே?"

"மனசு உறுத்துதும்மா."

"சரி, வெளியே இரு."

வராந்தா பெஞ்சில் வார்டரும் பக்கத்தில் வந்து உட்கார்ந்தார்.

"ஏம்ப்பா, நீ 'அன்னார்'னு பேசி நான் கேட்டதே இல்லையே."

தச்சர் பெஞ்சின் விளிம்பை நகத்தால் சுரண்டினார்.

"சுத்தியல் எங்கே கிடந்துச்சு?"

"அருகில்..."

"அருகில்னா? மேசை மேலயா, தரையிலயா?"

தச்சர் விழித்தார். "அந்தப் பேப்பர்ல அது இல்லையேய்யா."

வார்டர் இன்னும் நெருங்கி உட்கார்ந்தார். பிறகு குரலைத் தாழ்த்திக் கேட்டார்.

"அப்புறம் ஏன் ஒத்துக்கிட்டே? உன் வக்கீல்தான் மறுவிசாரணைக்கு மனு போட்டிருக்காரே?"

"அது விசாரணைக்கு வர ரெண்டு வருஷம் ஆகுமாம். அம்மாவுக்கு ஆஸ்பத்திரியில ரெண்டு மாசம்தான் சொல்லியிருக்காங்க."

உள்ளே மணி அடித்தது. கூப்பிட்டது வார்டரை.

"தினமும் இவனோட இருக்கிறவர் நீங்கதான்" என்றார் டாக்டரம்மா. "வெளியே போறதுக்காக நடிக்கிறானோன்னு எனக்குச் சந்தேகம். நீங்க சொல்லுங்க. நிஜமாவே இவன்தான் கொன்னானா?"

இருபது வருஷ வேலையில் ஒரு பொய் ரிப்போர்ட்டும் எழுதாதவர் வார்டர்.

"அவன்தாம்மா கொன்னான். போன வாரமே என்கிட்ட சொல்லி அழுதுட்டான்."