குரோக் என்றொரு சொல்

தடித்த ஆங்கில அகராதி ஒன்றை ஓரத்திலிருந்து தின்றுகொண்டே வந்த ராமபாணப் பூச்சி, 'குரோக்' என்ற சொல்லுக்கு முன்னால் நின்றது.

"உன்னைக் கேள்விப்பட்டதே இல்லையே. உனக்கு என்ன அர்த்தம்?"

"அடுத்தவர் சாப்பிடும்போது, 'வாங்க, சாப்பிடலாம்' என்று கூப்பிட மாட்டாரா என்று பேசாமல் அவர் வாயையே பார்த்துக்கொண்டிருப்பது."

"அட! தினமும் நடக்கிற சங்கதிதானே. பிறகு ஏன் உன்னை யாரும் சொல்வதில்லை?"

"எத்தனையோ பேர் இந்தப் பக்கத்தைப் புரட்டினார்கள். எனக்குக் கீழே இருக்கும் 'குரோசரி'யைக் கூட்டிக்கொண்டு போனார்கள். நான் பார்த்துக்கொண்டுதான் இருந்தேன்."

"நானும் வருகிறேன் என்று ஒருத்தரிடமாவது சொன்னாயா?"

"நானாகப் போய்ச் சொல்வதா? அவர்களுக்கே தோன்ற வேண்டாமா?"

பூச்சிக்கு நல்ல பசி. இருந்தும் சற்றுப் பொறுத்தது. 'என்னை விட்டுவிடு' என்று அந்தச் சொல் ஒரு வார்த்தை சொன்னால் போதும், தாண்டி அடுத்த வரிக்குப் போய்விடலாம் என்றுதான் நினைத்தது.

குரோக் அதன் வாயையே பார்த்துக்கொண்டிருந்தது.