கடைசி இலை

ஜெபம் முடிந்து எல்லோரும் ஆமென் சொன்ன கையோடு, ஞானரத்தினம் தன் பையைத் திறந்தாள்.

பெண் பார்க்க வருகிறவர்கள் பூ கொண்டு வருவார்கள், பழம் கொண்டு வருவார்கள். சிவகிரியிலிருந்து வேன் பிடித்து, பதினோரு பேரோடு சங்கரன்கோவிலுக்கு வந்து இறங்கிய மாப்பிள்ளையின் அம்மா கொண்டு வந்திருந்தது இலை. பை நிறைய இலை.

மாப்பிள்ளை எஸ்ராவுக்கு வேனுக்குள் ஓடி ஒளிந்துகொள்ளலாமா என்றிருந்தது.

"பொண்ணு சித்தா டாக்டர்னு சொன்னாவ. எங்க தெருவுக்கே வைத்தியம் நான்தான். அதான் சும்மா ரெண்டு இலையைக் காட்டி..."

பெண்ணின் அப்பா சுவிசேஷமுத்துவுக்குச் சிரிப்புத் தாங்கவில்லை. "தாராளமா கேளுங்க மதினி. அஞ்சரை வருசம் இதைத்தான படிச்சிருக்கா!"

பஜ்ஜித் தட்டு ஓரத்துக்குப் போனது. பெண் டெபோரா எதிரே வந்து உட்கார்ந்தாள். முதல் இலையை நீட்டினாள் ஞானரத்தினம்.

"தூதுவளை. முள்ளை எடுத்துட்டு நெய்யில வதக்கித் துவையல் அரைக்கலாம் அத்தை. சளிக்கு நல்லது."

அத்தை என்று அவள் சொன்னதிலேயே எஸ்ராவுக்குப் பாதிக் கல்யாணம் முடிந்துவிட்டது.

"சரி, இது?"

"முடக்கத்தான். தோசை மாவுல அரைச்சு ஊத்தலாம். மூட்டு வலிக்கு."

"இது?"

"பிரண்டை. ஆனா இது இலை இல்ல அத்தை, தண்டு."

"பாத்தியளா, பிடிச்சிட்டாளே!" என்று ஞானரத்தினம் கை தட்டினாள். வந்திருந்த பதினோரு பேரும் தட்டினார்கள். பெண் பார்க்கிற வீடு வினாடி வினா போட்டி மாதிரி ஆகிவிட்டது.

கடைசியாக, ஈரத்துணியில் சுற்றி வைத்திருந்த ஒரு கொத்தை எடுத்தாள். நுனியில் மஞ்சள் பூ.

"இது எங்க வீட்டுச் சொத்து. நானே வச்சு நானே தண்ணி ஊத்துனது. மூணு வருசமா உங்க மாமாவுக்கு இதைப் போட்டுத்தான் எண்ணெய் காய்ச்சித் தலையில தேய்க்கேன். சொல்லு, இது என்ன?"

எல்லோர் கண்ணும் அவள் கணவர் அய்யாத்துரையின் தலைக்குப் போனது. மனைவியின் நாற்காலிக்குப் பின்னால் அவர் சாதுவாக நின்றிருந்தார். தலையில் எண்ணெய் இருந்தது. முடிதான் இல்லை.

டெபோரா இலையைத் திருப்பித் திருப்பிப் பார்த்தாள். முகர்ந்தாள். நிமிர்ந்தாள்.

"தெரியலையே அத்தை."

"என்னது, தெரியலையா? கரிசலாங்கண்ணி தெரியலையா? எண்ணெய் பாட்டில்லயே படம் போட்டிருக்கானே!"

"ஏட்டி, நல்லாப் பாருட்டி!" சுவிசேஷமுத்து பதறினார்.

"தெரியலைப்பா."

ஞானரத்தினம் இலைகளை அள்ளிப் பையில் திணித்தாள். "போயிட்டுச் சொல்லி அனுப்புதோம்" என்று எழுந்துவிட்டாள். அதற்கு என்ன அர்த்தம் என்று தெரியாதவர் யார்? இரண்டாவது தட்டு பஜ்ஜியை ஒருவரும் தொடவில்லை.

வேனில் அவள் வாய் ஓயவில்லை. "கரிசலாங்கண்ணி தெரியாதவ நாளைக்கு எம் பேரப்பிள்ளைக்கு எந்த இலையை அரைச்சுக் குடுப்பாளோ!"

"யம்மா, ஒரே ஒரு இலைதான... எனக்கு அவளத்தான் பிடிச்சிருக்கு." எஸ்ரா முன் சீட்டைப் பிடித்துக்கொண்டு எட்டிப் பார்த்தான்.

"வாய மூடுலே!"

அய்யாத்துரை ஜன்னல் வழியே வெளியே பார்த்துக்கொண்டு வந்தார்.

வேன் டீசல் போட ஒரு பெட்ரோல் பங்கில் நின்றது. இறங்கிய ஞானரத்தினத்தின் முகம் மலர்ந்தது. பங்க் வாசல் பாத்தி முழுக்க அவள் வீட்டுச் செடி! மஞ்சள் மஞ்சளாய்ப் பூத்துக் கிடந்தது. ஒருவர் குழாய் பிடித்துத் தண்ணீர் விட்டுக்கொண்டிருந்தார்.

"அண்ணாச்சி, இம்புட்டுக் கரிசலாங்கண்ணி வச்சிருக்கியளே, எண்ணெய் காய்ச்சவா?"

"எண்ணெயா? இது அழகுக்கு வைக்கிற கொடிம்மா, நர்சரியில வாங்குனது. பாக்க அது மாதிரியே இருக்கும், ஆனா அது இல்ல. இதைப் போட்டுக் காய்ச்சினா எண்ணெய்தான் தெண்டம்."

பையிலிருந்த கொத்தை எடுத்துப் பாத்தியில் வைத்துப் பார்த்தாள். அதே இலை, அதே பூ.

பிரண்டையைத் தண்டு என்று பிடித்தவளுக்கு இது தெரியாமலா இருக்கும்? தெரிந்தேதான் தெரியாது என்றிருக்கிறாள். பதினோரு பேர் முன்னால் எனக்கு வர வேண்டிய அவமானத்தைத் தன் தலையில் வாங்கிக்கொண்டிருக்கிறாள் பிள்ளை! ஞானரத்தினத்துக்குச் சிரிப்பும் அழுகையும் சேர்ந்தே வந்தன.

எஸ்ராவின் போனைப் பிடுங்கினாள். அதில் டெபோராவின் நம்பர் எப்படி வந்தது என்பதைப் பிறகு விசாரித்துக்கொள்ளலாம்.

"ஏட்டி மருமகளே! வர்ற ஞாயித்துக்கிழமை கோயில்ல உங்க ரெண்டு பேர் கல்யாண ஓலையை வாசிக்கச் சொல்லிரட்டுமா?"

எஸ்ரா டிரைவரைக் கட்டிப் பிடித்துவிட்டான்.

"அது வெறும் அழகுச் செடின்னு உனக்குத் தெரியும்லா?"

"தெரியும் அத்தை."

"தங்கம்! எனக்குத் தலைகுனிவு வரக் கூடாதுன்னுதான தெரியலைன்னு சொன்னே?"

"ஐயோ, இல்ல அத்தை. சொல்லத்தான் வாயைத் திறந்தேன்." டெபோரா தயங்கினாள். "அதுக்குள்ள உங்க பின்னால நின்ன மாமா, 'சொல்லிராதம்மா'ன்னு ரெண்டு கையையும் எடுத்துக் கும்பிட்டாவ!"