வெட்டுப்பட்டவனுக்குக் கஞ்சி

ஒரகடம் கம்பெனி வாசலில் மூண்ட தகராறில் அன்புவைக் கத்தியால் வெட்டிவிட்டு ஜெயிலுக்குப் போனான் பிரவீன்.

ஆஸ்பத்திரியில் உயிருக்குப் போராடிய அன்புவுக்குத் தினமும் கஞ்சி ஊட்டியவள் பிரவீனின் மனைவி கவிப்பிரியா. அன்பு பிழைத்துக்கொண்டான்.

ஜாமீனில் வந்த பிரவீனின் காதில் ஊர்ப்பேச்சு விழுந்தது.

"அவன் மேல இன்னாடி உனக்கு அவ்ளோ அக்கறை?"

"எல்லாம் உனக்காகத்தான்யா..."

அவள் சொல்லி முடிப்பதற்குள் கழுத்தை நெரித்தான். அவன் கையை எடுத்தபோது அவளிடம் மூச்சில்லை.

மறுபடியும் ஜெயில். பார்க்க வந்த வக்கீல் தலையில் அடித்துக்கொண்டார்.

"அன்பு செத்தா கொலை கேஸு, ஆயுசுக்கும் உள்ளதான். பிழைச்சா வெறும் கொலை முயற்சி, உன்னை வெளியே எடுத்துடலாம்னு நான்தாம்ப்பா அவகிட்ட சொன்னேன். அதுக்குத்தான் அங்கேயே கிடந்து அவனைக் காப்பாத்துனா."

பிரவீன் கம்பியைப் பிடித்துக்கொண்டான்.

"இப்போ எனக்கு இன்னா சார் ஆவும்?"

"இது முயற்சி இல்லப்பா. கொலை."