பழுப்புத் தூள்

பனி இளகத் தொடங்கிய வாரத்தில், புதிதாக வாங்கிய வீட்டின் பின்வளவில் நின்ற மேப்பிள் மரத்தைத் தவபாலன் டிரில்லால் துளைத்தான். மனைவி சிவரூபி தகர வாளியோடு பக்கத்தில் நின்றாள். இரவில் உறைந்து பகலில் உருகும் இந்தக் கொஞ்ச நாட்களில்தான் மரத்தில் இனிப்பு நீர் ஊறும்; மொட்டு வெடித்துவிட்டால் சுவை கெட்டுவிடும். துளையிலிருந்து மரத்தூள் வெள்ளையாக வரவேண்டும். பழுப்பாக வந்தது.

“முந்தி இருந்த ஆக்களும் இதில துளைச்சிருக்கினம்,” என்றான்.

அவள் பட்டையைத் தடவிப் பார்த்தாள். “வெளியில ஒண்டும் தெரியேல்லையேப்பா.”

“வெளியில மூடிப்போடும். உள்ளுக்க அந்த இடம் செத்தது செத்ததுதான். இனி அதால நீர் ஓடாது.”

“அப்ப மரம்?”

“அது சுத்திவர வளரும். நாங்கள் ஒரு சாண் தள்ளித் துளைக்கவேணும்.”

அவளுக்கு இது இரண்டாவது கலியாணம். முதல் வாழ்க்கையைப் பற்றி ஆறு வருடங்களாக அவள் வாய் திறந்ததில்லை. அவனும் அந்தப் பக்கம் போனதில்லை. சாண் அளந்து துளைத்தான். இம்முறை தூள் வெள்ளையாகக் கொட்டியது, பின்னாலேயே நீர் சொட்டியது. வாளிக்காகக் கையை நீட்டினான்.

அவள் வாளியைக் கீழே வைத்துவிட்டு, பனியில் கிடந்த பழுப்புத் தூளை அள்ளி உள்ளங்கையில் ஏந்திக்கொண்டு நின்றாள்.

“எனக்கொரு மகள் இருந்தவள்,” என்றாள். “இசைவிழி எண்டு பேர். எட்டு வயசு.”

தவபாலன் டிரில்லைக் கீழே வைத்தான். நீர் பனியிலேயே விழுந்துகொண்டிருந்தது. வாளியை இருவரும் எடுக்கவில்லை.